தறிச்சாலைப் பற்சக்கரமும் இடுப்பு மூட்டும்

மனிதன் நிமிர்ந்து நின்றதனாலேயே அவன் கைகள் விடுதலை பெற்றன என்றும், விடுதலை பெற்ற அக்கைகளின் உழைப்பே அவனை மனிதனாக்கிற்று என்றும் நாம் படித்திருக்கிறோம். வகுப்பறைகளிலே படிப்பித்தும் வருகிறோம். ஆயின், கைகள் பெற்ற விடுதலைக்கு விலை கொடுத்தவை இடுப்பும் முழங்காலுமே என்பதை நாம் அத்துணை எண்ணிப் பார்ப்பதில்லை. சமதரையிலே ஆறுதலாக நடக்கும்போதுகூட, உடலின் எடையைப் போல் இரண்டு மடங்குக்கு மேற்பட்ட சுமை ஒவ்வோர் அடியிலும் இடுப்பு மூட்டின்மீது இறங்குகின்றது. உடல் ஒருபக்கம் சரிந்துவிடாதபடி நிறுத்துவதற்காகத் தசைகள் இழுக்கும் இழுவையும் அம்மூட்டின் தலையிலேயே வந்து விழுகின்றது. படியேறினாற் சுமை மேலும் கூடும். பாரம் தூக்கினால் இன்னும் கூடும். ஓராண்டிலே பத்து இலட்சம் தடவைக்குக் குறையாமல் இவ்வாறு சுமையேற்றும் இறக்கியும், எண்ணெயிடுவாரின்றி எழுபது எண்பது ஆண்டுகள் இயங்கும் பொறி வேறொன்று தொழிற்சாலைகளிலே கிடையாது.

அப்பொறி தேயும்போது, என்புகளின் நுனியைப் போர்த்தியிருக்கும் வழவழப்பான கசியிழையம் அழிந்து, என்போடு என்பு உராயத் தொடங்குகின்றது. முதலிலே நடை நோவாகும். பின்னர் உறக்கமும் நோவாகும். ஏரோடு நடந்த விவசாயிகளிடையே இடுப்பு மூட்டுத் தேய்வும், சுரங்கத்தில் முழந்தாளிட்டு நிலக்கரி வெட்டியவர்களிடையே முழங்கால் மூட்டுத் தேய்வும் ஏனையோரிலும் மிகுதியாக உள்ளன என்பதை ஆய்வுகள் காட்டியுள்ளன. செல்வருக்கும் இந்நோய் வருவதுண்டு. எனினும், மூட்டுத் தேய்ந்தபின் சாய்மனைக் கதிரையில் இருந்தபடி சீவிக்க வல்ல ஒருவருக்கும், கால் ஓய்ந்தால் அடுப்பும் ஓய்ந்துவிடும் ஒருவருக்கும் அது ஒரே நோயன்று.

இன்று உலகெங்கணும் ஆண்டுதோறும் பத்து இலட்சத்துக்கு மேற்பட்டோர் தேய்ந்த இடுப்பு மூட்டை அகற்றுவித்துச் செயற்கை மூட்டைப் பெறுகின்றனர். 2007ஆம் ஆண்டிலே 'லான்செற்' என்னும் மருத்துவ இதழ், இச்சிகிச்சையை நூற்றாண்டின் சத்திரசிகிச்சை எனத் தலைப்பிலேயே குறித்து ஒரு கட்டுரை வெளியிட்டது. இவ்வாறு பாராட்டப்படும் வேளைகளிலெல்லாம் சேர் ஜோன் சார்ன்லி என்னும் ஆங்கிலேயச் சத்திரவைத்தியரின் பெயர் தனியே எடுத்து நிறுத்தப்படுதல் வழக்கம். அவருடைய ஆற்றலைக் குறைத்து மதிப்பிடுவது நமது நோக்கமன்று; அத்தகைய ஆற்றல் அரிதென்பதை இக்கட்டுரையே காட்டும். ஆயினும், ஒரு மேதையின் மூளையிலிருந்து நேரே வந்து பிறந்தது போல இம்மூட்டின் வரலாற்றைச் சொல்வோர், அதனை ஆக்கிய ஏனைய கரங்களை மறைத்துவிடுகின்றனர். அக்கரங்களுட் சிலவற்றையேனும் இனங்காண முயல்வோம்.

சார்ன்லிக்கு முன்னரும் நெடிய முயற்சி உண்டு. 1826ஆம் ஆண்டிலே, பிலடெல்பியா நகரின் பென்சில்வேனியா வைத்தியசாலையில், இடுப்பு மூட்டு இறுகிக் கால் வளைந்துபோன ஒரு கப்பல் மாலுமிக்கு ஜோன் றீ பாட்டன் என்பவர் சத்திரசிகிச்சை செய்தார். தொடையென்பின் மேற்பகுதியை அறுத்து, அறுத்த இடத்திலேயே ஒரு போலி மூட்டு உண்டாகும்படி விட்டார். ஈதர் மயக்கம் பொதுமக்கள்முன் காட்டப்பட்டது 1846இலேதான். லிஸ்டரின் கிருமிநீக்கம் அதற்கும் இருபது ஆண்டுகள் பிந்தியது. ஆகவே, அம்மாலுமி முழு உணர்வோடு படுத்திருக்கவே என்பு அறுக்கப்பட்டது. ஏழு நிமிடத்தில் வேலை முடிந்தது என்பது பாட்டனின் திறமைக்குச் சான்றாகக் காட்டப்படுகின்றது. அந்த ஏழு நிமிடத்தைப் படுத்திருந்தவன் எவ்வாறு அளந்தான் என்பதை எவரும் எழுதி வைக்கவில்லை.

செயற்கைப் பொருளை மூட்டின் இடத்திலே பொருத்தும் எண்ணத்தைச் செயலாக்கியவர்களுள் முதல்வராக வைத்து எண்ணத்தக்கவர் பெர்லினில் வாழ்ந்த தெமிஸ்ரோக்கிளிஸ் குளுக். 1890ஆம் ஆண்டு மே மாதத்தில், காசநோயால் முழங்கால் அழிந்துபோன பதினேழு வயதுப் பெண்ணொருத்திக்கு, யானைத் தந்தத்தாற் செய்த கீல் ஒன்றை அவர் பொருத்தினார். குங்கிலியம் போன்ற பிசினும் பாரிசுச் சாந்தும் கலந்து, அதனை என்பினுள் நிலைநிறுத்தவும் முயன்றார். எண்ணம் சரியானது, தேர்ந்த நோய்தான் பிழையானது. காசநோய்க் கிருமி குடியிருந்த மூட்டுகளிலே அந்நியப் பொருளைப் புகுத்தியமையால், சிறிது காலத்தில் அவை சீழ்கட்டின. அவ்வாண்டு பெர்லினிலே கூடிய சர்வதேச மருத்துவ மாநாட்டில் தமது முடிவுகளைக் காட்ட முனைந்த குளுக்கை, அக்காலத்து யேர்மன் சத்திரவைத்திய உலகில் தனியாட்சி செலுத்திய ஏர்ன்ஸ்ற் பொன் பெர்க்மன் தடுத்துவிட்டார். குளுக்கின் தவறுகள் உண்மையானவையே. ஆயின், தவறு எங்கே நேர்ந்தது என்று பலரும் கூடி ஆராய்ந்து அறியவேண்டிய இடத்தில் வாய் அடைக்கப்பட்டமையால், அவரது நல்ல எண்ணமும் தவறுகளோடு சேர்த்துப் புதைக்கப்பட்டது.

அதன் பின்னர் வந்தோரை விரைவாகக் கடந்து செல்வோம். பொஸ்ரனில் ஸ்மித்-பீற்றர்சன் என்பார், ஒரு நோயாளியின் முதுகிலே நெடுநாள் புதைந்திருந்த கண்ணாடித் துண்டைச் சுற்றி வழவழப்பான சவ்வு படர்ந்திருந்ததைக் கண்டு, 1923இல் இடுப்பு மூட்டுக்குக் கண்ணாடிக் கிண்ணம் செய்து கவிழ்த்தார். கண்ணாடி உடைந்தது. 1938இல், தமது பல்வைத்தியர் காட்டிய கலப்புலோகத்தால் அதே கிண்ணத்தைச் செய்து ஓரளவு வெற்றி கண்டார். அதே ஆண்டிலே லண்டனில் பிலிப் வைல்ஸ் என்பவர், உருண்டை, கிண்ணம் ஆகிய இரு பகுதிகளையும் துருப்பிடிக்காத உருக்காலே செய்து பொருத்தினார். 1946இலே பாரிஸ் நகரத்து ஜூடே சகோதரர்கள், தொடையென்பின் உருண்டைத் தலையை அறுத்தெடுத்துவிட்டு, அவ்விடத்திலே அக்கிரிலிக்கு என்னும் கண்ணாடி போன்ற பிளாஸ்ரிக்கால் ஆன தலையைச் செருகினர். நோவு உடனே நீங்கியமையால் ஐரோப்பா எங்கும் அதற்கு ஆரவாரமான வரவேற்பு இருந்தது. சில ஆண்டுகளிலே அத்தலைகள் தேய்ந்தன, உடைந்தன.

அவற்றுள் ஒன்று கிறீச்சிட்டது. இங்கேதான் சார்ன்லியின் கதை தொடங்குகின்றது.

சார்ன்லி 1911இலே லங்காஷயரைச் சேர்ந்த பெரி என்னும் ஆலைநகரிற் பிறந்தவர். தந்தையார் மருந்துக்கடை நடத்தியவர். தாயார் தாதியாக இருந்தவர். இரண்டாம் உலகப் போரின்போது படை வைத்தியராகக் கெய்ரோவிலே பணிபுரிந்த காலத்தில், உடைந்த அவயவங்களுக்கான கருவிகளைச் செய்யும் பட்டறையோடு அவருக்கு நெருங்கிய தொடர்பு ஏற்பட்டது. போரின் பின் மன்செஸ்ரரில் அவர் கடமையாற்றியபோது, ஜூடே தலை பொருத்தப்பட்ட ஒருவர் அவரிடம் வந்தார். அம்மனிதர் முன்னே சாயுந்தோறும் இடுப்பிலிருந்து கிறீச்சென்ற ஒலி எழும்; அதனைச் சகிக்கமாட்டாது மனைவி அவர் இருக்கும் இடத்தில் இருப்பதையே தவிர்த்து வந்தாள். பிறர் இதனை வேடிக்கையாக எண்ணிச் சிரித்திருப்பர். சார்ன்லி சிரிக்கவில்லை. கிறீச்சிடும் கதவுக்கு எண்ணெய் வேண்டும் என்பது எல்லோருக்கும் தெரியும். அவ்வாறாயின் மனித மூட்டுக்கு எண்ணெய் எது? அதே மூட்டிலே பிளாஸ்ரிக்கு வந்தவுடன் அந்த எண்ணெய் வேலை செய்யாமற் போனதேன்?

அவர் செய்த பரிசோதனைகளிலிருந்து இரண்டு உண்மைகள் புலனாயின. முதலாவது, உயிருள்ள கசியிழையத்தின் வழுக்கும் தன்மை பனிக்கட்டியோடு பனிக்கட்டி வழுக்குவதிலும் மேலானது. இரண்டாவது, அவ்வழுக்கலுக்குக் காரணம் மூட்டுநீர் மாத்திரமன்று. அது கசியிழையத்துக்கே உரிய இயல்பு. ஆகவே, செயற்கை மூட்டிலே மூட்டுநீரை நம்பிப் பயனில்லை. இயல்பாகவே வழுக்கும் பொருளைத் தேடவேண்டும். இதனோடு எந்திரவியலின் எளிய விதி ஒன்றையும் அவர் சேர்த்துக்கொண்டார். உருண்டை பெரிதானால், உராய்வினாற் கிண்ணத்தைத் திருகிப் பெயர்க்கும் விசையும் பெரிதாகும். உருண்டை சிறிதானால் அவ்விசை குறையும். அக்காலத்திலே பிறர் இயற்கையைப் பின்பற்றி நாற்பது மில்லிமீற்றருக்கு மேற்பட்ட உருண்டைகளைப் பொருத்திக்கொண்டிருந்தனர். சார்ன்லி படிப்படியாகக் குறைத்து 22 மில்லிமீற்றர் அளவிலே வந்து நின்றார். இயற்கை செய்ததை அப்படியே நகல்செய்வதிலும், இயற்கை நிறைவேற்றிய தொழிலைத் தம்மிடமுள்ள பொருளைக் கொண்டு நிறைவேற்றுவதே அவர் நோக்கமாக இருந்தது.

இத்தகைய ஆராய்ச்சிக்கு இடமும் காலமும் வேண்டும். அவை எங்கிருந்து வந்தன என்பதைப் புகழுரைகள் பெரும்பாலும் ஒரு வரியிலே சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகின்றன. நாம் அவ்விடத்திற் சிறிது தரித்து நிற்போம்.

லங்காஷயர் மாகாண சபை 1933ஆம் ஆண்டிலே, விகன் நகருக்கு அண்மையில், றைற்றிங்ரன் என்னுமிடத்தில் ஒரு காசநோய் வைத்தியசாலையைத் திறந்தது. சுரங்கத் தொழிலாளரின் வாழ்வு பற்றி ஜோர்ஜ் ஓவெல் 1937இலே வெளியிட்ட நூலின் தலைப்பில் வருவது இதே விகன்தான். சுரங்கமும் பஞ்சாலையும் சூழ்ந்த அப்பகுதியிற் காசநோய்க்குக் குறைவிருக்கவில்லை. 1948ஆம் ஆண்டு யூலை மாதம் 5ஆந் திகதி பிரித்தானியாவின் தேசிய சுகாதார சேவை தொடங்கியது. வைத்தியசாலைகள் பொதுவுடைமையாயின; சிகிச்சை பெறும் இடத்திற் காசு கேட்பாரில்லை என்றாயிற்று. அக்காலத்திலேயே ஸ்றெப்ரோமைசினும் அதையொத்த மருந்துகளும் பரவியமையால், காசநோயாளர் குணமடைந்து வீடு திரும்ப, றைற்றிங்ரனின் கட்டில்கள் வெறுமையாகத் தொடங்கின. இலாபத்துக்கு நடத்தப்பட்ட இடமாயின், கட்டில்கள் வெறுமையாகும் நாளிலேயே கதவும் மூடப்பட்டிருக்கும். இங்கோ, 1950களின் இறுதியிலே சார்ன்லி தமது வேலையை அங்கு மாற்றிக்கொள்ளவும், இடுப்பு மூட்டு ஒன்றையே ஆராயும் நிலையமொன்றை அங்கு அமைக்கவும் வாய்ப்பு உண்டாயிற்று. காசு கொடுக்க வல்லவரைத் தேடவேண்டிய தேவை அங்கே இல்லை. நடக்கமாட்டாத தொழிலாளரும் அவர்தம் மனைவியரும் நோவின் கடுமை ஒன்றையே தகுதியாகக் கொண்டு வந்து சேர்ந்தனர். சிகிச்சையின் பின்னும் ஆண்டுதோறும் வந்து தம்மைக் காட்டிச் சென்றனர். அத்தகைய நோயாளர் கூட்டமும் அவர்களை விடாது பின்தொடரும் ஏற்பாடும் இல்லாதிருந்தால், சார்ன்லியின் எண்ணம் அவரது குறிப்பேட்டிலேயே நின்றிருக்கும்.

வழுக்கும் பொருளாக அவர் முதலிலே தேர்ந்தெடுத்தது ரெவ்லோன். சமையற் சட்டிகளுக்குப் பூசப்படும் அப்பொருளை இன்று நாம் எல்லோரும் அறிவோம். உருக்காலான சிறிய உருண்டையும் ரெவ்லோனாலான கிண்ணமுமாக ஏறத்தாழ 300 பேருக்கு அவர் பொருத்தினார். தொடக்கத்தில் விளைவு அதிசயமாக இருந்தது. ஊன்றுகோலை ஊன்றியும் நடக்கமாட்டாதிருந்தோர் கோலை வீசிவிட்டு நடந்தனர். 1961ஆம் ஆண்டு மே மாதத்திலே 'லான்செற்' இதழில் அவர் தமது முறையை வெளியிட்டார்.

அதற்கு அடுத்து வந்த மாதங்கள் கொடியவை. ரெவ்லோன் வழுக்கியது உண்மை. ஆனால் தேய்வைத் தாங்கவில்லை. இரண்டு மூன்று ஆண்டுகளுள் உருண்டை கிண்ணத்தைத் துளைத்துக்கொண்டு ஏறியது. தேய்ந்து உதிர்ந்த துகளைச் சுற்றி உடல் பாற்கட்டி போன்ற திரளை உண்டாக்க, அத்திரள் என்பை அரித்தது. நடந்தோர் மீண்டும் நொண்டினர். ஒருவர் பின் ஒருவராக மீண்டும் சத்திரசிகிச்சைக்கு வரவேண்டியதாயிற்று. உதிர்ந்த துகளுக்கே உடல் இவ்வாறு வினையாற்றுகின்றது என்பதை உறுதிப்படுத்த விரும்பிய சார்ன்லி, ரெவ்லோன் துகளைத் தமது தொடையிலேயே செலுத்திக்கொண்டார். ஒன்பது மாதத்தின் பின் தடித்த கட்டிகள் கையில் தட்டுப்பட்டன. அதனையும் 1963இல் அதே இதழிலே வெளியிட்டார். தமது தோல்வியை இவ்வாறு தம் உடலிலேயே எழுதிக் காட்டிய நேர்மை போற்றுதற்குரியது. ஆயினும், அவர் தொடையிலே தாங்கியது இரு கட்டிகளை. அந்த 300 பேர் தாங்கியது பாழான மூட்டையும் இரண்டாவது சத்திரத்தையும். பாராட்டு விழாக்களிலே அவர்களுடைய பெயர்கள் வாசிக்கப்படுவதில்லை.

விடை வந்த வழி விசித்திரமானது. றைற்றிங்ரன் பட்டறையிலே ஹறி கிறேவன் என்னும் இயந்திரத் தொழிலாளி வேலை செய்து வந்தார். சார்ன்லி வரைந்து கொடுப்பதைக் கடைந்து கொடுப்பவர் அவரே. மூட்டுக்குரிய பொருள்களை இரவுபகலாக உராயவைத்துத் தேய்வை அளக்கும் பொறியொன்றையும், அங்குமிங்கும் கிடந்த கழிவுப் பாகங்களைக் கொண்டு அவர் அமைத்திருந்தார். 1962ஆம் ஆண்டு மே மாதத்தில், பிளாஸ்ரிக்கு விற்பனை முகவர் ஒருவர் புதியதொரு பொருளின் துண்டுடன் பட்டறைக்கு வந்தார். யேர்மனியில் உற்பத்தியான அப்பொருள் மிகை மூலக்கூற்று நிறையுடைய பொலிஎதிலீன். லங்காஷயர்த் தறிகளிலே உலோகப் பற்சக்கரங்களுக்குப் பதிலாக அது பயன்பட்டு வந்தது. இந்தியக் கைத்தறிகளை ஒரு காலத்திலே நசித்தொழித்த லங்காஷயர்த் தறிச்சாலைகள் அப்போது தாமே நசிந்துகொண்டிருந்தன. அவை மூடப்படுமுன் மனிதகுலத்துக்கு விட்டுச்சென்ற நன்மை ஒன்று உண்டாயின், அஃது இதுவே.

கிறேவன் அத்துண்டைச் சார்ன்லியிடம் காட்டினார். சார்ன்லி கட்டைவிரல் நகத்தால் அதனை அழுத்திப் பார்த்துவிட்டு, இதனாற் பயனில்லை என்று சொல்லிப் போய்விட்டார். அதன் பின் அவர் கொப்பன்ஹேகனுக்குப் பயணமானார். அவர் இல்லாத வேளையிலே கிறேவன் அத்துண்டைத் தமது பொறியிற் பூட்டி ஓடவிட்டார். சார்ன்லி திரும்பி வந்தபோதும் பொறி ஓடிக்கொண்டிருந்தது. மூன்று வாரம் ஓடியும், ரெவ்லோன் ஒரே நாளில் தேயும் அளவுக்குக்கூட அப்பொருள் தேய்ந்திருக்கவில்லை. நிபுணர் வேண்டாமென்று ஒதுக்கியதை, ஓடவிட்டுப் பார்த்தால் என்ன என்று எண்ணியவர் ஒரு பட்டறைத் தொழிலாளி. தாம் ஒதுக்கியது தவறென்பதைச் சார்ன்லியே பின்னர் ஒப்புக்கொண்டு எழுதியுள்ளார். 1962ஆம் ஆண்டு நவம்பரிலே முதலாவது பொலிஎதிலீன் கிண்ணம் ஒரு நோயாளிக்குப் பொருத்தப்பட்டது. அறுபது ஆண்டுகளுக்கு மேலாகியும், திருத்தங்கள் பல பெற்ற அதே பொருளே செயற்கை மூட்டுகளிற் பெரும்பாலானவற்றில் இன்றும் உராய்வைத் தாங்கி நிற்கின்றது.

மூட்டை என்பிலே நிலைநிறுத்திய பொருளுக்கும் இத்தகைய கதையே உண்டு. மன்செஸ்ரர்ப் பல்கலைக்கழகத்தின் பல்வைத்தியத் துறையைச் சேர்ந்த டெனிஸ் சிமித் என்னும் இரசாயன அறிஞர், பொய்ப்பற்கட்டுச் செய்யும் அக்கிரிலிக்கைக் குழைத்துப் பயன்படுத்தலாம் என்று வழிகாட்டினார். அது பசைபோல ஒட்டுவதில்லை. கொத்தன் கல்லுக்கும் கல்லுக்கும் இடையிலே நிரப்பும் சாந்து போல, என்பின் ஒவ்வொரு பொந்திலும் புகுந்து இறுகி, சுமையைப் பரவலாகத் தாங்கவைக்கின்றது. சாந்து பற்றிய இவ்விளக்கம் சார்ன்லியுடையதே. அவருடைய சிந்தனை கொத்தனிடமிருந்தும் கம்மியனிடமிருந்தும் கற்க வெட்கப்படாத சிந்தனை.

கிருமித் தொற்று இன்னொரு தடையாக இருந்தது. 1960களின் தொடக்கத்தில், நூறு பேருக்குச் சிகிச்சை செய்தால் ஏறத்தாழ ஏழு பேருக்கு மூட்டுச் சீழ்பிடித்தது. சத்திரசாலையின் காற்றிலே மிதக்கும் கிருமிகளே காரணம் என்று ஐயுற்ற சார்ன்லி, காற்று வடிகட்டிகள் செய்யும் பொறியியலாளரின் துணையுடன், அறைக்குள்ளே ஒரு கண்ணாடிக் கூண்டை அமைத்து, வடித்த காற்றை மேலிருந்து கீழே பாயவிட்டார். பிற துறையினர் ஏளனஞ் செய்தனர். பத்து ஆண்டுகளுக்குள் தொற்று நூற்றுக்கு ஒன்றிலும் குறைந்தது. 1982இலே, 8,000க்கு மேற்பட்ட சத்திரசிகிச்சைகளை ஆராய்ந்து வெளியிடப்பட்ட பிரித்தானிய மருத்துவ ஆராய்ச்சிச் சபையின் முடிவுகள், தூய காற்றினால் தொற்றுப் பாதியாகக் குறைவதை நிலைநாட்டின. அவ்வாண்டு ஓகஸ்டிலேயே சார்ன்லி காலமானார்.

முழங்காலைப் பற்றியும் ஒருசில சொல்லவேண்டும். குளுக் முதலாகப் பலரும் முழங்காலைக் கதவின் கீல் என்றே கருதினர். 1950களிலே சுவீடனிலும் இங்கிலாந்திலும் செய்யப்பட்ட செயற்கை முழங்கால்களும் கீல்களே. அவை என்பிலிருந்து பெயர்ந்தன. முழங்கால் மடியும்போது தொடையென்பு உருளவும் செய்கின்றது, வழுக்கவும் செய்கின்றது, சிறிது திரும்பவும் செய்கின்றது. ஓர் அச்சிலே சுழலும் கீலால் இதனைச் செய்தல் இயலாது. கனடாவிலிருந்து றைற்றிங்ரனுக்கு வந்து சார்ன்லியிடம் பயின்ற பிராங் கன்ஸ்ரன் என்பார், முன்னர் பொறியியல் கற்றவர். 1968இலே அவர் உருக்கு வளைவுகளையும் பொலிஎதிலீன் தடங்களையும் தனித்தனியாக அதே சாந்தினாற் பதித்து, அவற்றை நோயாளியின் சொந்த நார்களே பிடித்து நிறுத்தும்படி விட்டார். 1974இலே நியூயோர்க்கில் ஜோன் இன்சோலும் அவருடைய துணைவர்களும் முழங்காலின் மேற்பரப்பு முழுவதையும் மூடும் அமைப்பைப் பொருத்தத் தொடங்கினர். இன்று வழங்கும் முழங்கால்கள் பெரும்பாலும் அதன் வழிவந்தவை.

இந்த வரலாறு முழுவதும் மேற்கிலேயே நடந்தது என்று எண்ணுதலும் தவறு. சோவியத் நாட்டிலே கொன்ஸ்தந்தீன் சிவாஷ் 1950களின் பிற்பகுதியிலேயே உலோகத்தாலான முழு இடுப்பு மூட்டை அமைத்திருந்தார். நமக்கு இன்னும் அண்மையில், பர்மாவின் மண்டலே பொது வைத்தியசாலையில், சான் போ என்னும் சத்திரவைத்தியர், தொடையென்பின் கழுத்து முறிந்து பொருந்தாதுபோனவர்களுக்கு யானைத் தந்தத்தாற் செய்த தலையைப் பொருத்தினார். முதலிலே அதனைப் பெற்றவர் 83 வயதான பௌத்தத் துறவிப் பெண் ஒருவர், ஆண்டு 1960. பிறநாட்டு உலோக மூட்டை வாங்கப் பணமில்லாத நாட்டிலே, தந்தம் மலிவாகக் கிடைத்தது. 300க்கு மேற்பட்டோர் அவ்வாறு தந்த மூட்டைப் பெற்றனர். 1969இலே லண்டனிற் கூடிய என்புச் சத்திரவைத்தியர் மாநாட்டில் சான் போ தமது முடிவுகளை எடுத்துரைத்தார். அவருடைய நோயாளர் குந்தியிருக்கவும் சைக்கிள் ஓடவும் வல்லவராயினர். நிலத்திலே சப்பாணி கட்டியிருந்து உண்டு பழகிய நம்மவருக்கு, குந்தியிருத்தலின் அருமை சொல்லாமலே விளங்கும். யானைக்காக நாம் இரங்கலாம். ஆயினும், உள்ளதைக் கொண்டு தம் மக்களை நடக்கவைக்க முனைந்த அந்த மனத்தை மதிக்காமலிருக்க இயலாது.

மீண்டும் றைற்றிங்ரனுக்கு வருவோம். ரெவ்லோன் கற்பித்த பாடத்தைச் சார்ன்லி மறக்கவில்லை. புதிய மூட்டை அவர் உடனே உலகுக்கு விற்கவிடவில்லை. லீட்ஸ் நகரத்துத் தக்கறே நிறுவனம் அதனை உற்பத்தி செய்தபோதிலும், றைற்றிங்ரனுக்கு வந்து முறையைப் பயின்றவர்களுக்கு மாத்திரமே அதனை விற்கலாம் என்று ஏறத்தாழ 1970 வரையும் கட்டுப்படுத்தி வைத்திருந்தார். சிலர் அதனைக் கர்வம் என்றனர். கர்வமும் சிறிது இருந்திருக்கலாம். ஆனால், ஒரு மூட்டின் தகுதி பொருத்திய நாளிலே தெரிவதில்லை, பத்து ஆண்டின் பின்னரே தெரியும் என்ற கசப்பான அறிவும் அதிலே இருந்தது.

சந்தைக்குப் பத்து ஆண்டு பொறுத்திருக்கும் பழக்கம் இல்லை. 1991இலே 3எம் நிறுவனம், சார்ன்லி மூட்டை ஒத்ததும் விலை குறைந்ததுமான 'கப்பிற்றல்' என்னும் மூட்டைப் பிரித்தானியாவில் விற்கத் தொடங்கியது. ஏறத்தாழ 4,700 பேருக்குப் பொருத்தப்பட்ட பின்னரே, அது விரைவிற் பெயர்ந்துவிடுகின்றது என்ற எச்சரிக்கை 1998இல் வெளிவந்தது. அம்மூட்டைப் பெற்றோர் எங்கெங்கே உள்ளனர் என்று தேடிக் கண்டுபிடிப்பதே பெரும்பாடாயிற்று. சுவீடனிலோ முழங்கால்களுக்கு 1975 முதலும் இடுப்புகளுக்கு 1979 முதலும் தேசியப் பதிவேடு இருந்து வந்தது. எந்த மூட்டு, எவருக்கு, எப்போது, எத்தனை ஆண்டு நின்றது என்பதெல்லாம் அதிலே உண்டு. இங்கிலாந்தும் வேல்சும் 2003இலேதான் அத்தகைய பதிவேட்டைத் தொடங்கின.

அதே 2003ஆம் ஆண்டிலே டிபூய் நிறுவனத்தின் 'ஏஎஸ்ஆர்' என்னும் உலோகத்தோடு உலோகம் உராயும் மூட்டுச் சந்தைக்கு வந்தது. சார்ன்லியின் சிறிய உருண்டைக்கு மாறாக, இது பெரிய உருண்டை. இளவயதினர் ஓடியாடலாம் என்பது விளம்பரம். தேய்ந்த கோபால்ற்று, குரோமியத் துகள்கள் குருதியிலே கலந்தன. மூட்டைச் சுற்றிய தசை அழிந்தது. அவுஸ்திரேலியப் பதிவேடு தீங்கை முதலிலே காட்டிக்கொடுத்தது. 2010ஆம் ஆண்டு ஓகஸ்டில் உலகெங்குமிருந்து அம்மூட்டு மீளப்பெறப்பட்டபோது, ஏறத்தாழ 93,000 மூட்டுகள் மனித உடல்களுக்குள் இருந்தன. அமெரிக்காவிலே பாதிக்கப்பட்டோருக்கு ஏறத்தாழ 250 கோடி டொலர் கொடுக்க 2013இலே இணக்கம் காணப்பட்டது. இந்தியாவிலும் ஏறத்தாழ 4,700 மூட்டுகள் பொருத்தப்பட்டிருந்தன. அங்கே நட்டஈடு பற்றிய அரசாங்க நிபுணர் குழுவின் அறிக்கை 2018இலேதான் வெளியாயிற்று. ரெவ்லோனின் தோல்வியும் தோல்விதான், இதுவும் தோல்விதான். முன்னையதிலே தவறு செய்தவர் தமது ஒவ்வொரு நோயாளரையும் அறிந்திருந்தார். நான்கு ஆண்டுகளுக்குள் தாமே நிறுத்தினார். பின்னையதிலே விற்றவருக்கும் நொண்டியவருக்கும் இடையிலே கடல்கள் இருந்தன.

விலை பற்றியும் ஒரு சொல். 2017ஆம் ஆண்டு ஓகஸ்டில் இந்திய அரசாங்கம் முழங்கால் மூட்டுகளுக்கு உச்ச விலை விதித்தது. மிகுதியாகப் பயன்படும் கோபால்ற்று-குரோமிய மூட்டின் சராசரி உச்ச விலை அதுவரை 1,58,324 ரூபாயாக இருந்தது. அது 54,720 ரூபாயாக இறக்கப்பட்டது. இடைநின்றோர் அடித்த இலாபமே விலையின் பெரும்பகுதி என்பது அரசாங்கத்தின் சொந்தக் கணக்கிலிருந்தே வெளிப்பட்டது. தறியின் பற்சக்கரத்துக்கு உதவிய பிளாஸ்ரிக்கு, பொய்ப்பல்லுக்கு உதவிய சாந்து, பொதுவைத்தியசாலையிலே தேறிய முறை என்பவற்றின் மீது இத்தனை அடுக்கு இலாபம் எவ்வாறு ஏறிக்கொண்டது என்பது தனியே எழுதப்பட வேண்டியது.

பதிவேடுகள் இன்று நமக்குத் தரும் செய்தி ஒன்றுண்டு. 2019இலே வெளியான ஓர் ஆய்வு, அவுஸ்திரேலிய, பின்லாந்துப் பதிவேடுகளைக் கொண்டு, இடுப்பு மூட்டுகளில் நூற்றுக்கு 58உம் முழங்கால் மூட்டுகளில் நூற்றுக்கு 82உம் 25 ஆண்டுகள் நிலைத்து நிற்கும் என்று கணித்தது. இக்கணக்கை இயலச்செய்தவர்கள் பெயரறியப்படாத இலட்சக்கணக்கான நோயாளரே.

அவர்களுக்கு முன்னோடிகள் றைற்றிங்ரனில் இருந்தனர். உடலுக்குள்ளே மூட்டு எவ்வளவு தேய்கின்றது என்பதை அறிய, அதனை வெளியே எடுத்துப் பார்ப்பதைவிட உறுதியான வழி இருக்கவில்லை. ஆகவே, இறந்தபின் தமது செயற்கை மூட்டைச் சுற்றியுள்ள என்போடு நிலையத்துக்குத் திருப்பித் தருவதற்குச் சம்மதிக்குமாறு சார்ன்லி தம் நோயாளரைக் கேட்டார். பலர் சம்மதித்துக் கையொப்பமிட்டனர். மூட்டை வாங்கிக்கொண்டு பல்லாண்டு நடந்து, முதுமையிலே படுக்கையில் இறந்த அம்மனிதர்களின் இடுப்புகள் மீண்டும் றைற்றிங்ரனுக்கு வந்தன. அவற்றை அறுத்து அளந்தபோது, சாந்து என்பைப் பற்றியவாறே இருந்தது. பற்சக்கரப் பிளாஸ்ரிக்கு, ஆண்டொன்றுக்கு ஒரு மில்லிமீற்றரின் பத்திலொரு பங்களவே தேய்ந்திருந்தது.